ஒரு கைத்தட்டுப் பாக்கி

வீட்டை விட்டு இறங்கும்போது எல்லாரும் கண்ணாடியை மாட்டிக்கொண்டு இறங்குவார்கள். மை அக்கா கழற்றிவிட்டு இறங்குவாள்.

செருப்புக்குள் காலை நுழைப்பாள். கதவைச் சாத்திப் பூட்டை இரண்டு முறை இழுத்துப் பார்ப்பாள். பிறகு மூக்கிலிருந்து கண்ணாடியை எடுத்து, மடித்து, கைப்பையில் போட்டு ஜிப்பை இழுப்பாள். அந்தச் சத்தம் கேட்டதும் மகள் பக்கத்தில் வந்து நின்றுவிட வேண்டும். சின்ன வயதில் தோளைக் கொடுத்தாள். வளர்ந்த பிறகு முழங்கையை. அங்கிருந்து போய்ச் சேரும் இடம் வரைக்கும் மை அக்காவுக்கு உலகம் பால் கலந்த தண்ணீர்தான். எதிரே வருகிறவர்களை மகள் காதோரமாகச் சொல்லிக்கொண்டே வருவாள்.

"தையல்காரர் வர்றாரு, சிரி."

மை அக்கா சிரிப்பாள். பல நாள் அதற்குள் தையல்காரர் தாண்டிப் போயிருப்பார். சிரிப்பு தபால் பெட்டிக்குக் கிடைக்கும்.

கண்ணாடியின் பவர் எட்டு. அதற்குப் பின்னால் அவளுடைய கண்கள் இரண்டு மிளகாகச் சுருங்கிவிடும். அதுதான் அவளுடைய தீராத கோபம். "இவ்வளவு மை போடறது எதுக்கு? கண்ணாடிக்குப் பின்னாடி பூட்டி வைக்கவா?" என்பாள். கான்டாக்ட் லென்ஸும் ஒரு காலத்தில் போட்டுப் பார்த்தாள். லென்ஸில் மை ஏறி, நாலே நாளில் கண் தக்காளிப் பழமாகிவிட்டது. லென்ஸைத் தூக்கிப் போட்டாளே தவிர மையை விடவில்லை.

பஸ் நிறுத்தத்துக்கு எதிரே, செருப்புக்கடை மாடியில், இரண்டு நாற்காலி போட்ட அழகு நிலையம் அவளுடையது. கணவரின் தங்கையும் அங்கேயே வேலை செய்தாள். வீட்டில் அவளுக்குச் சின்னவள் என்று பேர். கடையிலும் மை அக்கா கண்ணாடி போடுவதில்லை. தூரத்தில் யானை நின்றாலும் தெரியாதே தவிர, அரைச் சாண் தூரத்தில் எறும்பின் காலை எண்ணிச் சொல்வாள். அதனால் புருவம் திருத்தும்போது வந்தவளின் மூக்கும் இவள் மூக்கும் ஏறக்குறைய முட்டிக்கொண்டிருக்கும். புதிதாக வருகிறவர்கள் தலையைப் பின்னால் இழுத்துக்கொள்வார்கள்.

"என்னக்கா, முத்தம் குடுக்கப் போறீங்களா?"

"அதுக்குத் தனி ரேட்டு. அசையாம உக்காரு."

தனக்கு மை போட்டுக்கொள்வதற்கு அவளுக்குக் கண்ணே தேவையில்லை, கை போதும். விடிந்ததும், பல் விளக்குவதற்கும் முன்னால், அது முடிந்துவிடும். முந்தின நாள் மையை அழித்துவிட்டுப் போடுவது இல்லை; அதன் மேலேயே அடுத்தது. கணவர் வீடுகளுக்குப் பெயிண்ட் அடிக்கிறவர். "பழசைச் சுரண்டாம மேலயே அடிச்சிட்டுப் போனா ஒரு நாள் எல்லாம் சேந்து பொரிஞ்சு வரும்" என்று இருபத்திரண்டு வருடமாகச் சொல்லிப் பார்த்துவிட்டார்.

"நான் என்ன சுவரா?"

அத்தோடு பேச்சு முடியும். இந்த இருபத்திரண்டு வருடத்தில் அவளுடைய வெறும் கண்ணை அவர் பார்த்ததில்லை. மகளும் பார்த்ததில்லை. ஏன் என்று மகள் ஒருமுறை கேட்டதற்கு, "மை இல்லாட்டி எனக்கு மொகமே இல்லடி" என்றாள். சிரித்துக்கொண்டுதான் சொன்னாள்.

இந்த இடத்தில் பாக்கிக் கதையைச் சொல்லிவிட வேண்டும். மகள் ஐந்தாம் வகுப்பு படிக்கும்போது பள்ளி விளையாட்டு விழாவில் நீளம் தாண்டி இரண்டாம் பரிசு வாங்கினாள். மேடைக்கு முன்னால் நூறு பெண் பிள்ளைகள், எல்லாரும் ஒரே சீருடை. ஒலிபெருக்கி கரகரத்தது, மூன்று பேர்களை ஒரே மூச்சில் வாசித்துவிட்டார்கள். யாரோ ஒரு பிள்ளை மேடை ஏறியது. மை அக்கா எழுந்து நின்று, கூட்டமே திரும்பிப் பார்க்கும்படி கை தட்டினாள். பக்கத்தில் இருந்தவளின் தோளை உலுக்கி "எம்பொண்ணு, எம்பொண்ணு" என்றாள். அந்த ஆனந்தத்தில் உட்கார்ந்து மூக்கைச் சிந்திக்கொண்டிருந்தபோதுதான் உண்மையான மகள் மேடை ஏறி, கோப்பையை வாங்கிக்கொண்டு, இறங்கியும் போனாள். விழா முடிந்ததும் மை அக்கா நேராகப் போய் முதல் பரிசுக்காரியை வாரி அணைத்து முத்தமிட்டாள். அந்தப் பிள்ளை வீரிட்ட சத்தத்தில்தான் விஷயம் தெரிந்தது.

அன்றைக்கு மகள் சாப்பிடவில்லை. "எனக்கு நீ ஒரு கைத்தட்டுப் பாக்கி" என்றாள்.

"இப்பவே தட்டறேன், இந்தா."

"இது செல்லாது. நான் மேடையில இருக்கணும். நீ கூட்டத்துல இருக்கணும்."

"சரிடி கண்ணு. தந்துடறேன்."

தருவதற்கு வாய்ப்பே வரவில்லை. மகளின் கால் அதற்குப் பிறகு அவ்வளவு நீளம் தாண்டவில்லை. படிப்பிலும் நடு பெஞ்ச். ஆனால் வீட்டில் எந்தச் சண்டை வந்தாலும் கடைசியில் அந்தப் பாக்கி வந்து நிற்கும். "காய் நறுக்கித் தாடி" என்றால், "மொதல்ல என் பாக்கிய குடு" என்பாள்.

பதினொரு வருடம் கழித்துக் கல்லூரியிலிருந்து கடிதம் வந்தது. விலங்கியல் பட்டம். அந்தக் குடும்பத்தில் முதல் பட்டம். வீட்டில் பத்திரம், ரசீது, மாத்திரை அட்டை எதுவாக இருந்தாலும் ஏற்கெனவே மகள் கைக்குத்தான் வரும். "படிச்ச பிள்ள, என்னன்னு பாரு" என்பார்கள். அவளும் பார்த்துச் சொல்லிவிடுவாள். தெரியாததையும் தெரிந்த மாதிரி சொல்லிவிட்டு, பிறகு போய்த் தேடிப் படித்து, சரியாக இருந்தால் பெருமூச்சு விடுவாள். இந்தக் கடிதத்தையும் அவள்தான் உரக்கப் படித்தாள். விழா ஐந்து வாரத்தில். பெற்றோருக்கு மாடியில் இரண்டு இடம். பட்டம் பெறுகிறவர்கள் அனைவரும் கறுப்பு அங்கி அணிந்து வர வேண்டும்.

"அனைவருமா?" என்றாள் மை அக்கா.

"முந்நூத்தி நாப்பது பேர்."

"திரும்பவும் யூனிபாரமா!"

"கண்ணாடி போட்டுட்டு வாம்மா."

"முந்நூத்தி நாப்பது அம்மாங்க வருவாங்க. அத்தன பேருக்கும் புருவம் இருக்கு. நான் மிளகுக் கண்ணோட போய் நிக்கவா? கண்ணாடியே வேணாம்னு கண்ணுல லேசர் பண்ணிக்கறேன். இந்தத் தடவ தப்பான பிள்ளைக்குத் தட்ட மாட்டேன்."

கண் மருத்துவமனையில் டாக்டர் அவளுடைய தாடையைக் கருவியில் வைக்கச் சொல்லி உள்ளே பார்த்தார். வெகுநேரம் பார்த்தார். பிறகு நர்ஸைக் கூப்பிட்டு அவளையும் பார்க்கச் சொன்னார். நர்ஸ் ஐம்பது வயதுக்காரி. சிரிப்பதை எல்லாம் வீட்டில் வைத்துப் பூட்டிவிட்டு வருகிறவள்.

"எத்தன வருஷமா மை போடறீங்க?"

"பதினஞ்சு வயசிலேருந்து."

"எப்ப எடுப்பீங்க?"

"எதை?"

நர்ஸும் டாக்டரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். இமைமுடியின் வேரெல்லாம் பொடுகு, இமை ஓரத்து எண்ணெய்த் துளைகள் அடைத்துக் கிடக்கின்றன, இந்த இமையோடு லேசர் செய்தால் கிருமி உள்ளே போகும், இரண்டு வாரம் சுத்தம் செய்த பிறகுதான் தொடுவேன் என்றார் டாக்டர். இன்னொன்றும் சொன்னார்: இந்த வயதில் தூரப் பார்வை சரியானால் கிட்டத்தில் வேலை செய்யும்போது சின்னக் கண்ணாடி தேவைப்படும்.

"கிட்டத்த விடுங்க. தூரம்தான் வேணும்" என்ற மை அக்கா, அதற்கு மேல் பொறுக்க மாட்டாமல் நர்ஸ் பக்கம் திரும்பினாள். "பொடுகா? எனக்கா? ஊருல பாதிப் பேரோட பொடுக நான் எடுத்து விட்டிருக்கேன். உங்க புருவத்தையே எடுத்துக்குங்க..."

"என் புருவம் இருந்த எடத்துல இருக்கட்டும். நீங்க உங்க இமையப் பாருங்க."

நர்ஸ் கற்றுக்கொடுத்தது இதுதான். கையை சோப்பு போட்டுக் கழுவணும். வெதுவெதுப்பான நீரில் நனைத்துப் பிழிந்த துணியை மூடின இமைமேல் ஐந்து நிமிடம் வைக்கணும். மருத்துவமனை கொடுத்த திரவத்தைப் பஞ்சில் தொட்டு, முடியின் வேரோரமாக, மூக்குப் பக்கத்திலிருந்து காதுப் பக்கம் ஒரே இழுப்பு. ஒரு இழுப்புக்கு ஒரு பஞ்சு. அழுத்தக் கூடாது, கசக்கக் கூடாது. அன்றிலிருந்து மையும் கூடாது. பழைய மை டப்பாக்களைக் குப்பையில் போடணும்.

கண்ணை மூடிக்கொண்டு தனக்கே செய்துகொள்ள மை அக்காவுக்கு வரவில்லை. சின்னவளுக்கு நகம் நீளம். மகள் தொடவே பயந்தாள். கடைசியில் பெயிண்டர் எழுந்தார். டர்ப்பன்டைன் வாசம் போக மூன்று முறை கை கழுவி, மகளிடம் காட்டி முகரச் சொல்லி, பிறகு உட்கார்ந்தார்.

"ஒரே தெசையில ஒரே இழுப்பு. இத எனக்கு நர்ஸ் சொல்லித் தரணுமா? ஜன்னல் சட்டத்துக்கு ஓரம் அடிக்கறதுதானே."

"பேச்சு வேணாம், சீக்கிரம் துடைங்க."

முதல் பஞ்சு கரியாக வந்தது. இரண்டாவதும். ஏழாவது பஞ்சைத் தூக்கி வெளிச்சத்தில் பார்த்து, "இது நம்ம கல்யாணத்துக்குப் போட்டதா இருக்கும்" என்றார் பெயிண்டர். மை அக்கா கண்ணை மூடியபடியே அவர் தொடையில் ஒன்று வைத்தாள்.

நாலாம் நாள் அவளுக்குச் சலித்துவிட்டது. இதெல்லாம் நர்ஸ் தன்மேல் வஞ்சம் வைத்துச் செய்வது என்றாள். அப்போது மகள், "மனுஷங்களோட இமைமுடி வேர்ல சின்னச் சின்னப் பூச்சி இருக்கும்மா. எட்டுக் கால். கண்ணுக்குத் தெரியாது. சுத்தமா இல்லன்னா பெருகும். எங்க பாடத்துலயே இருக்கு" என்றாள். உண்மையைத்தான் சொன்னாள். சொன்ன விதம்தான் கொஞ்சம் அதிகம். மை அக்கா அன்றிலிருந்து மூன்று வேளை துடைக்கச் சொன்னாள். நர்ஸுக்குப் போன் போட்டுக் கேட்டதில், இரண்டு வேளைக்கு மேல் துடைத்தால் தோல் உரியும் என்று திட்டு கிடைத்தது.

இரண்டு வாரம் முடிய ஒரு நாள் இருந்தது. மறுநாள் காலை லேசர். அப்போதுதான் மை அக்காவுக்கு அந்த யோசனை வந்தது.

"லேசருக்கு அப்புறம் நாலு வாரம் மை கூடாது. அப்ப உன் விழாவுக்கு வெறுங்கண்ணோடதான் வரணும். ஆனா இப்பவே சின்னவ பொய்யிமை ஒட்டி விட்டுட்டா? ஒவ்வொரு முடியா ஒட்டறது. ஒரு மாசம் உதிராது. அப்புறம் நான் கண்ணையே தொட வேணாம் பாரு! நல்லதுதானே? ஆஸ்பத்திரில குடுத்த தாள்ல என்ன போட்டிருக்கு, படி."

மகள் தாளைப் படித்தாள். "கண்ணில் மை, வண்ணம், பூச்சு எதுவும் பயன்படுத்தக் கூடாது."

"முடி மையா?"

"இல்ல."

"பூச்சா?"

"பூச்சுன்னா பூசறது. இது ஒட்டறது."

"வண்ணம்?"

மகள் கொஞ்சம் யோசித்தாள். "கறுப்புதான். ஆனா அது முடியோட சொந்த நெறம். தாள்ல முடி ஒட்டக் கூடாதுன்னு எங்கயும் எழுதலம்மா."

"பாத்தியா, படிச்சவ சொல்லிட்டா" என்றாள் மை அக்கா சின்னவளிடம். தாளின் அடியில், சந்தேகமிருந்தால் அழைக்கவும் என்று போட்டு ஒரு எண் இருந்தது. மகள் அதைப் பார்க்காமல் இல்லை. ஆனால் கூப்பிட்டுக் கேட்டால் தெரியவில்லை என்று ஆகிவிடுமே.

சின்னவள் மூன்று மணி நேரம் குனிந்து, முடி முடியாக எடுத்துப் பசை தொட்டு ஒட்டினாள். முடிந்தபோது மை அக்கா விழிக்கும்போதெல்லாம் இரண்டு விசிறி விரிகிற மாதிரி இருந்தது.

காலையில் மருத்துவமனையில் பச்சை உடுப்பு கொடுத்து, தொப்பி போட்டு, படுக்க வைத்து, நர்ஸ் டார்ச்சை அடித்தாள். டார்ச் அப்படியே நின்றது.

"இது என்ன?"

"முடி."

"யாரோட முடி?"

"வாங்கின முடி."

"ரெண்டு வாரம் தொடச்சோம். எதுக்கு? பசை பூசவா? மெஷினுக்குக் கீழ இந்தப் பசை உதிர்ந்து கண்ணுக்குள்ள விழுந்தா யாரு பதில் சொல்றது? எழுந்திரிங்க."

"எம்பொண்ணு தாளப் படிச்சிட்டுத்தான் சொன்னா. அவ பட்டதாரி."

நர்ஸ் மெதுவாகத் திரும்பி, கதவருகில் நின்ற மகளைப் பார்த்தாள். "எதுல?"

"விலங்கியல்."

"சரி" என்றாள் நர்ஸ். அவ்வளவுதான் சொன்னாள். மூன்று வருடம் எழுதிய எந்தப் பரீட்சைத் தாளையும் யாரும் அவ்வளவு சுருக்கமாகத் திருத்தியதில்லை.

பொய்யிமையைப் பிய்த்து எடுக்கக் கூடாது, பசையைக் கரைத்துத்தான் எடுக்க வேண்டும். சின்னவள் கண்ணை மூடவைத்துப் பார்த்துப் பார்த்து எடுத்தாள். ஆனாலும் முப்பது வருட மையில் நொந்துபோயிருந்த சொந்த முடியில் பாதி, விருந்தாளியோடு கிளம்பிப் போகிற பிள்ளை மாதிரி, அதோடு சேர்ந்து வந்துவிட்டது. இமை ஓரம் சிவந்து வீங்கியது. இன்னும் இரண்டு வாரம் என்றார் டாக்டர். மகள் நாட்காட்டியை எடுத்து எண்ணினாள். இனி லேசர் முடிந்து ஆறாம் நாள் பட்டமளிப்பு விழா.

யாரும் அவளைத் திட்டவில்லை. அதுதான் கஷ்டமாக இருந்தது. "தாள்ல போடலன்னா பிள்ள என்ன பண்ணும்?" என்றாள் அம்மா. ஒருமுறை தெரியாது என்று சொல்லியிருந்தால் தனக்கு எது குறைந்திருக்கும் என்று மகள் பல நாள் யோசித்தாள். அதற்குப் பிறகு எதற்கெடுத்தாலும் மருத்துவமனைக்குப் போன்தான். கொதித்த தண்ணீர் எவ்வளவு நேரம் ஆற வேண்டும்? பஞ்சை முன்கூட்டியே வெட்டி வைக்கலாமா? மூன்றாவது அழைப்பில் நர்ஸ் குரலை வைத்தே ஆளைக் கண்டுபிடித்துவிட்டாள்.

"விலங்கியலா? சொல்லு."

லேசர் பத்து நிமிடத்தில் முடிந்தது. அதற்கப்புறம்தான் வேலை. கசக்கக் கூடாது, அதுதான் முதல் விதி. கருவிழியின் மேல்தோலைத் திறந்து மூடியிருக்கிறார்கள், கசக்கினால் நகர்ந்துவிடும், நகர்ந்தால் பார்வையே போய்விடும் என்று நர்ஸ் வாசல் வரைக்கும் வந்து பெயிண்டரிடம் தனியாகச் சொன்னாள். "உங்க பொறுப்பு. கை மொகத்துக்குக் கிட்ட போனா பிடிச்சிருங்க." குழாய்த் தண்ணீர் கண்ணில் படக் கூடாது. இமையை அழுத்தக் கூடாது. காய்ந்த பீளை இருந்தால் மட்டும், ஆறவைத்த தண்ணீரில் நனைத்த பஞ்சால் முடி நுனியைத் தொட்டும் தொடாமலும் எடுக்கலாம். மணிக்கொரு தடவை சொட்டு மருந்துகள். அதில் ஒன்று கண்ணீருக்குப் பதிலாம்.

"அழறதுக்குக் கூட மருந்து வாங்கற நெலம வந்திருச்சு" என்றாள் மை அக்கா.

படுக்கும்போது கண்ணுக்கு மேல் பிளாஸ்டிக் கவசம் வைத்து டேப் ஒட்ட வேண்டும். பெயிண்டர் மட்டம் பார்த்து ஒட்டினார். ஒரு சுருக்கம் இல்லை. ஒட்டிவிட்டு எட்ட நின்று, தலையைச் சாய்த்துப் பார்த்துக்கொண்டார்.

மறுநாள் காலையில் கவசத்தை எடுத்ததும் மை அக்கா வீட்டைச் சுற்றிப் பார்த்தாள்.

"மேல அந்த மூலையில என்ன அது? பெயிண்டே இல்ல! ஊருக்கெல்லாம் அடிக்கறீங்க!"

"கண்ணாடி போட்டப்ப தெரியலியா?"

"கண்ணாடியோட மேல யாரு பாத்தா? ஃபேன்ல இவ்வளவு தூசியா? ஏன், உங்களுக்கு மீசை எப்ப நரைச்சது?"

"இருபத்திரண்டு வருஷம் நிம்மதியா இருந்தேன்" என்றார் பெயிண்டர். ஆனால் அவரும் அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். மையும் இல்லை, கண்ணாடியும் இல்லை, முடியும் அங்கொன்றும் இங்கொன்றும்தான். ஏதாவது நல்லதாகச் சொல்ல வேண்டும் என்று அவருக்குத் தோன்றியது. மகளுக்கு அது அவர் முகத்திலேயே தெரிந்தது, தடுப்பதற்குள் சொல்லிவிட்டார்.

"பிரைமர் அடிச்ச சுவர் மாதிரி இருக்கு."

பெயிண்டுக்கு முன்னால் சுவரில் அடிக்கிற வெள்ளைப் பூச்சு அது; அவர் தொழிலில் அதைவிடச் சுத்தமான பொருள் கிடையாது. அது அவருக்குத் தெரியும், மகளுக்குத் தெரியும். மை அக்கா முகம் பார்க்கும் கண்ணாடி முன்னால் போய் நின்றாள். வாழ்க்கையில் முதல் முறையாக, மூக்கில் கண்ணாடி இல்லாமல் எட்ட நின்று தன் முகத்தைப் பார்த்தாள். "நான் விழாவுக்கு வரல" என்றாள்.

நாலு நாளும் அதே பேச்சு. ஐந்தாம் நாள் மாலையில் மகள் கேட்டாள், "அப்ப பாக்கி?"

"அடுத்த பட்டத்துக்கு வர்றேன்."

மகள் சமையலறையில் போய்ச் சும்மா நின்றாள். வா என்று கெஞ்சலாமா, வராதே என்று விட்டுவிடலாமா? முடி போனதே தன்னால்தான். அந்த முகத்தோடு முந்நூற்று நாற்பது அம்மாக்களுக்கு நடுவில் வந்து நில் என்று கேட்க தனக்கு என்ன வாய் இருக்கிறது? யோசித்துக்கொண்டிருந்தபோது கூடத்தில் சின்னவளின் குரல் கேட்டது.

"அண்ணி, முப்பது வருஷமா ஊரப் பாக்காம உங்களக் காட்டிட்டுத்தான் வந்தீங்க. ஒரு நாள் காட்டாமப் பாத்துட்டு வாங்களேன்."

"பேச்சு நல்லா வருது. முடிதான் ஒட்டத் தெரியல" என்றாள் மை அக்கா.

காலையில் அவள் தயாராக நின்றாள், மருத்துவமனை கொடுத்த பெரிய கறுப்புக் கண்ணாடியோடு. பக்கவாட்டிலும் மூடியது, கன்னம் பாதி அதற்குள் போய்விட்டது. பெயிண்டர் மருந்து டப்பாவைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார். மை அக்கா செருப்பை மாட்டினாள், கதவைப் பூட்டினாள், இழுத்துப் பார்த்தாள், கறுப்புக் கண்ணாடியைக் கழற்றி மடித்துக் கைப்பையில் போட்டாள். ஜிப் சத்தம் கேட்டு மகள் முழங்கையை நீட்டினாள். மூன்று பேரும் அப்படியே நின்றார்கள்.

"எதிர்ல தையல்காரர் வர்றாரு" என்றாள் மை அக்கா. அவளாகவே சொன்னாள். சொல்லிவிட்டு அவசரமாகக் கறுப்புக் கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொண்டாள்.

கல்லூரி அரங்கில் மகள் கறுப்பு அங்கியில் வரிசையில் கரைந்துபோனாள். பேர்களை வாசிக்கிறவருக்குச் சீக்கிரம் வீட்டுக்குப் போக வேண்டும் போல. மேடையில் ஆள் நடப்பதற்குள் பேர் இரண்டு ஆள் முன்னால் ஓடிக்கொண்டிருந்தது. ஒருத்தி பேருக்கு இன்னொருத்தி சிரித்துக்கொண்டு போனாள். ஐந்தாம் வகுப்பேதான். மாடியில் விளக்கை வேறு அணைத்திருந்தார்கள். அந்தக் கறுப்புக் கண்ணாடியோடு அந்த இருட்டில் அம்மாவுக்குத் தன் மூக்குகூடத் தெரியாது.

அவள் முறை வந்தது. அவள் பேர் இரண்டு ஆளுக்கு முன்பே போய்விட்டது. சான்றிதழை வாங்கிக்கொண்டு மாடியை நிமிர்ந்து பார்த்தாள். மேடை விளக்கின் வெளிச்சம் பட்ட இரண்டாம் வரிசையில் இரண்டு பேர் மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார்கள். அம்மாவின் இரண்டு மணிக்கட்டையும் அப்பா நெஞ்சுக்கு நேராக இறுக்கிப் பிடித்திருந்தார். அம்மா தோளைத் திமிறிக்கொண்டிருந்தாள். கறுப்புக் கண்ணாடி அவள் மடியில் கிடந்தது. முகம் முழுக்க ஈரம். மையில்லாத அந்த வெறும் கண்கள் இரண்டும் நேராக மகளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தன. சுற்றிலும் எல்லாரும் யார் யாருக்கோ கை தட்டிக்கொண்டிருந்தார்கள்.

திரும்பும்போது பஸ் நிறுத்தத்தில்தான் நடந்தது என்ன என்று தெரிந்தது. அதுவும் இரண்டு விதமாக.

"எப்படிம்மா கண்டுபிடிச்சே? பேரு தப்பா வந்துச்சே."

"பேர யாரு கேட்டா? மொகத்தப் பாத்தேன்டி." மை அக்கா கறுப்புக் கண்ணாடியை மறந்தே போயிருந்தாள். "அவ்வளவு தூரத்துலேருந்து மொகம் தெரியும்னே எனக்குத் தெரியாது. நீ நடந்து வர்றத நான் பாத்ததே இல்ல, தெரியுமா? எப்பவும் பக்கத்துலயே ஒட்டிட்டு வருவ. நீ அப்படியா நடப்ப? எடது கால கொஞ்சம் வீசி?"

மகள் கொஞ்ச நேரம் பஸ் வருகிற திசையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு கேட்டாள்.

"சரி. தட்டினியா?"

பெயிண்டர் தன் கைகளைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டார்.

"உங்கப்பா விட்டாத்தானே!"

"விட்டிருந்தா கண்ணக் கசக்கியிருப்பா. தண்ணியா ஊத்துது. நர்ஸ் எங்கிட்டதான் பொறுப்பக் குடுத்தாங்க."

"தட்டத்தான் கைய எடுத்தேன்!"

"மூக்குக்கு நேரா வந்துச்சு. மூக்குக்கு நேரா யாரு கை தட்டுவாங்க?"

"பக்கத்து சீட்டுக்காரங்க, என்னம்மா, அடிக்கறாரான்னு கேட்டாங்க! மானமே போச்சு."

"நானும் சொன்னேன்ல, கண் ஆபரேஷன்னு."

மை அக்கா அங்கேயே, பஸ் நிறுத்தத்தில், பத்துப் பேர் பார்க்க, மகளைப் பார்த்து ஓங்கிக் கை தட்டினாள். மகள் தலையை ஆட்டினாள்.

"செல்லாது."

முடி இரண்டு மாதத்தில் முளைத்தது. மையும் திரும்பி வந்தது, புது டப்பாவில். இப்போது படுக்கப் போகுமுன் அதைத் துடைத்து எடுக்காமல் இருப்பதில்லை. துடைப்பது பெயிண்டர்தான், மூக்கிலிருந்து காதுக்கு, ஒரே இழுப்பு. துடைத்தது முதல் காலையில் மறுபடி போடுகிற வரைக்கும் வீட்டுக்குள் பிரைமர் அடித்த முகத்தோடுதான் நடமாடுகிறாள். கடையில் கிட்டத்து வேலைக்குச் சின்னக் கண்ணாடி வந்துவிட்டது. "அக்கா, முன்ன மாதிரி பாசமா கிட்ட வர மாட்டேங்கறீங்களே" என்கிறார்கள் பழைய வாடிக்கைக்காரர்கள். கதவைப் பூட்டியதும் அவள் கை இன்னமும் மூக்குக்குப் போகிறது. அங்கே ஒன்றும் இருக்காது. ஜிப்பை மட்டும் இழுத்துக்கொள்கிறாள்.

மகள் இப்போது ஒரு ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை செய்கிறாள். யாராவது எதையாவது கேட்டால், முதலில் தெரியாது என்கிறாள். பிறகு கேட்டுச் சொல்கிறாள். அந்த வேலையில் மேடை என்று ஒன்றும் கிடையாது. மை அக்கா மட்டும் விடுவதில்லை. வேலை முடிந்து மகள் தெருமுனையில் திரும்பும்போதே ஜன்னலில் நின்று, அவள் நடந்து வருவதை முழுக்கப் பார்த்துவிட்டுக் கதவைத் திறக்கிறாள்.

"என்னடி, உங்க ஆபீஸ்ல விழா கிழா ஏதாவது வருதா?"

"இல்லம்மா."

"வந்தா சொல்லு. உங்கப்பாவக் கூட்டிட்டு வர மாட்டேன்."